குவென்யா: தமிழ் வழியாகக் கற்பவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

எழுத்தாளர் டோல்கீன் தன் கதைகளுக்காக உருவாக்கிய மொழி குவென்யா. அதற்கான பாடக்குறிப்புகள் பெரும்பாலும் ஆங்கிலம் தெரிந்தவரை மனத்தில் வைத்து எழுதப்பட்டவை. வேற்றுமை உருபு என்றால் என்ன என்று விளக்கவே அவற்றில் பல பக்கங்கள் போய்விடும். தமிழருக்கு அந்த விளக்கம் தேவையில்லை. ஆனால் ஆங்கிலேயர் தடுக்காத வேறு சில இடங்களில் நாம் தடுக்கி விழுவோம். இந்தப் பக்கம் அந்த இடங்களைப் பற்றியதுதான்.

எழுதும் முறை பற்றி ஒரு குறிப்பு: குவென்யாச் சொற்கள் இங்கே தமிழ் எழுத்திலேயே உள்ளன. குறிலைக் குறிலாகவே படியுங்கள். 'கிர்ய' என்பதைக் 'கிர்யா' ஆக்க வேண்டாம்.

குவென்யா யாருடைய மொழி?

ஜே. ஆர். ஆர். டோல்கீன் (1892–1973) உருவாக்கிய எல்ஃப் (அவர் கதைகளில் வரும் ஓர் இனம்) மொழிகளில் ஒன்று. 1915 வாக்கில் சொற்பட்டியலைத் தொடங்கியவர் சாகும்வரை திருத்திக்கொண்டே இருந்தார். ஒலிநயத்துக்கு முதல் தூண்டுதல் பின்னிஷ் மொழி. லத்தீன், கிரேக்கச் சாயல்களும் உண்டு.

கதையுலகில் இது கடலுக்கு மேற்கேயுள்ள வாலினோரில் வாழ்ந்த எல்ஃபுகளின் பேச்சு. நொல்தொர் குலத்தார் அங்கிருந்து நடுநிலத்துக்குக் கொண்டுவந்தனர். தன் உறவினரைக் கொன்றவர்களின் மொழி என்று மன்னன் திங்கொல் தன் ஆட்சிப் பரப்பில் அதைத் தடைசெய்தான். பிறகு அது வழிபாடு, முடிசூட்டு, அரசர் பெயர், பாட்டு ஆகியவற்றுக்கான ஏட்டு மொழியாக நின்றுவிட்டது. வீட்டில் பேசியது 'சிந்தாரின்' என்ற இன்னோர் எல்ஃப் மொழி.

சிந்தாரினில் தொடங்குவதா, குவென்யாவிலா?

தமிழர் என்றால் குவென்யாவில். சிந்தாரின் வெல்ஷ் மொழியின் சாயல் கொண்டது. அதில் பன்மைக்குச் சொல்லின் உள்ளுயிர் மாறும் (அமொன், மலை, எமின், மலைகள்). முன்சொல்லைப் பொறுத்து அடுத்த சொல்லின் முதல் மெய்யும் மாறும். குவென்யா விகுதிமேல் விகுதி ஒட்டும் மொழி. அடிச்சொல் பெரும்பாலும் அப்படியே நிற்கும்.

இரண்டையும் கலக்காதீர்கள். பலருக்கும் தெரிந்த 'மெல்லொன்' (நண்பன்) சிந்தாரின். 'நமாரியெ' (போய்வருக) குவென்யா. இரண்டையும் ஒரே வாக்கியத்தில் போடுவது தமிழ் வாக்கியத்தில் தெலுங்கு வினையைச் செருகுவது போல இருக்கும்.

டோல்கீனின் 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' நாவலில் வரும் மோதிரத்தில் பொறித்திருப்பது குவென்யாவா?

இல்லை. எழுத்து எல்ஃபுகளுடையது (தெங்வர்), மொழி அந்தக் கதையின் தீய நாடான மோர்தோரின் கறுப்பு மொழி. அதைப் பார்த்து எழுத்துப் பழகினால் உயிர்க்குறியில் தவறு வரும். தெங்வர் பற்றிய கேள்வியில் காரணம் இருக்கிறது.

உயிரொலிகள் கடினமா?

உங்களுக்கு ஏற்கெனவே தெரியும். ஐந்து குறில், ஐந்து நெடில்: அ ஆ, இ ஈ, உ ஊ, எ ஏ, ஒ ஓ. தமிழ் நெடுங்கணக்கில் ஐ, ஔ நீக்கினால் மிஞ்சுவதேதான். ரோமன் எழுத்தில் நெடிலுக்கு மேலே சாய்கோடு இருக்கும். எ‑மேல் வரும் இரட்டைப் புள்ளி புதிய ஒலி அல்ல. "இந்த எகரத்தை விழுங்காதே, தனியாகச் சொல்" என்று ஆங்கிலேயருக்குச் சொல்லும் நினைவூட்டல் மட்டும்.

தமிழ் நாக்கு கெடுப்பது மூன்று இடங்களில்.

சொல்லின் கடைசி உகரத்தைக் குற்றியலுகரமாக அரைப்போம். குவென்யாவில் அது முழு உகரம். இதழ் குவிய வேண்டும்.

ஐகாரத்தைப் பேச்சில் எகரமாக்குவோம் ('மலை' வாயில் 'மல' அல்லது 'மலெ' ஆகும்). குவென்யாவில் அது எப்போதும் முழு அ+இ.

மூன்றாவது உடம்படுமெய். இரண்டு உயிர் அடுத்தடுத்து வந்தால் நாம் தானாகவே ய, வ நுழைத்துவிடுவோம். குவென்யாவில் 'எ'யும் 'அ'வும் இடைவெளியோடு நேருக்கு நேர் நிற்கும். இந்தப் பக்கத்தில் 'நமாரியெ' என்று எழுதியிருப்பது கண்ணுக்கு உறுத்தாமல் இருக்கத்தான். சொல்லும்போது அந்த யகரத்தை எவ்வளவு மெலிதாக்க முடியுமோ அவ்வளவு மெலிதாக்குங்கள்.

மெய்யொலிகளில் எங்கே தவறு வருகிறது?

இதைக் கொஞ்சம் நிதானமாகப் படியுங்கள். தமிழ் உதவுவதும் கெடுப்பதும் இங்கேதான்.

குவென்யாவில் மெல்லோசை ப, த, க தனியாக வராது. மூக்கொலியோடு ஒட்டி (ம்ப, ந்த, ங்க), இல்லாவிட்டால் ல், ர் பின்னால் மட்டுமே வரும். சொல்லின் முதலிலும் உயிர்களுக்கு இடையிலும் வருவது வல்லோசை மட்டுமே. 'தம்பி', 'பந்து', 'சங்கு' என்று சொல்லும் வாய்க்கு முதல் பாதி இயல்பாக வரும்.

சிக்கல் மறுபாதியில். 'அதர்' (தந்தை) என்ற சொல்லைத் தமிழ் வழக்கப்படி படித்தால் நடுத் தகரம் மெலிந்துவிடும். மெலியக் கூடாது, 'அத்தர்' என்று இரட்டிக்கவும் கூடாது. 'தலை'யின் முதல் தகரத்தை இரண்டு உயிர்களுக்கு நடுவே ஒற்றையாக வைக்கப் பழகுங்கள். ககரமும் அப்படியே, 'பகல்' என்பதில் வரும் காற்றுக் ககரம் குவென்யாவில் வேறு ஒலியாகிவிடும்.

அடுத்தது, மூக்கொலிக்குப் பின் வல்லோசையும் வரலாம். தமிழ் எழுத்தில் இதைக் காட்ட வழியே இல்லை. நுழைவாயிலுக்கு ஒரு சொல், வாய்க்கு ஒரு சொல். தமிழில் எழுதினால் இரண்டும் 'அந்தொ'. இரும்புக்கும் தாடைக்கும் அதே கதி: இரண்டும் 'அங்க'. ஆகவே இங்கே வல்லோசையை ன்த, ன்க என்று எழுதுகிறோம்: அந்தொ – வாயில், அன்தொ – வாய், அங்க – இரும்பு, அன்க – தாடை. (வாய்–வாயில் உறவு தமிழிலும் இருப்பது வெறும் தற்செயல், யாரும் இதை வைத்துக் கட்டுரை எழுத வேண்டாம்.) ல்த, ர்த இணைகளிலும் இதே மயக்கம் உண்டு. குறிப்பேட்டில் ரோமன் எழுத்தில் எழுதிப் பழகுவதே பாதுகாப்பு.

ரகரம் நன்றாக உருள வேண்டும். ஸகரம் எப்போதும் காற்றொலி. ழ, ள, ண, ட, ச்ச எதுவும் கிடையாது.

சொல் எந்த எழுத்திலும் முடியலாமா?

முடியாது. தமிழில் மொழியிறுதி எழுத்துக்கு விதி இருப்பது போல இங்கேயும் உண்டு: உயிர், அல்லது ன், ர், ல், ஸ், த். இருமையில் (இரண்டைக் குறிக்கும் வடிவில்) மட்டும் ன்த் வரும். மகர ஒற்றில் முடியாது. 'மரம்' குவென்யாவில் பிறக்கவே முடியாத சொல்.

அழுத்தம் எந்த அசையில்?

ஈரசைச் சொல்லில் முதலசை. மூன்று அல்லது அதற்கு மேல் என்றால், கடைசிக்கு முந்தைய அசையைப் பாருங்கள். அதில் நெடிலோ, கூட்டுயிரோ, இரண்டு மெய் பின்தொடரும் குறிலோ இருந்தால் அழுத்தம் அங்கே. இல்லையென்றால் அதற்கும் முந்தைய அசைக்குப் போகும்.

எலென்தாரி (விண்மீன்களின் அரசி): 'தா' நெடில், அழுத்தம் அங்கே. இஸில்துர்: 'ஸில்' மூடிய அசை, அழுத்தம் அங்கே. அன்கலிம: 'லி' வெறும் குறில், ஆகவே அழுத்தம் 'க'வில். தமிழில் இப்படி ஓங்கும் அசை கிடையாது என்பதால் எல்லா அசையையும் சமமாகச் சொல்லிக்கொண்டே போவோம். அப்படிச் சொன்னால் பாட்டின் சந்தம் தட்டையாகிவிடும்.

பன்மை எப்படி?

எகரம் தவிர்த்த உயிரில் முடிந்தால் ர்: கிர்ய (கப்பல்) – கிர்யர், எல்த (எல்ஃப்) – எல்தர். எகரத்தில் முடிந்தால் எ போய் இ: லஸ்ஸெ (இலை) – லஸ்ஸி. ஆனால் 'இயெ' என்று முடிவது ர் பெறும்: தியெ (பாதை) – தியெர். மெய்யில் முடிந்தால் இ சேரும்: எலென் (விண்மீன்) – எலெனி.

இருமை தனி: கிர்யத், இரண்டு கப்பல். கை, கண் போன்ற இணைகளுக்கு இது இன்றியமையாதது. 'லி' என்ற நான்காவது எண்ணும் உண்டு. 'கப்பல்களில் சில' போன்ற பொருள். தொடக்கத்தில் விட்டுவிடலாம்.

பெயரடையும் பன்மை பெறுமா?

பெறும். தமிழர் எழுதும் குவென்யாவில் முதலில் கண்ணில் படும் பிழை இதுதான். நமக்கு 'நல்ல மனிதன்', 'நல்ல மனிதர்கள்'; அடை அசையாது. குவென்யாவில் அ‑வில் முடியும் அடை பன்மையில் எ ஆகும் (லின்த – லின்தெ, விரைவான). எ‑வில் முடிந்தால் இ. 'எஅ' என்று முடிந்தால் 'இயெ'. விகுதி ர் மட்டும் அடையில் ஒட்டாது.

வேற்றுமைகளைத் தமிழோடு பொருத்திக் காட்ட முடியுமா?

1960களில் டோல்கீன் ஒரு வாசகருக்கு அனுப்பிய அட்டவணைதான் இன்றைக்கும் அடிப்படை. அதில் எடுத்துக்காட்டுச் சொற்களில் ஒன்று கிர்ய.

கிர்ய – கப்பல்
கிர்யொ – கப்பலின்
கிர்யன் – கப்பலுக்கு
கிர்யனென் – கப்பலால்
கிர்யன்ன – கப்பலை நோக்கி, கப்பல்மேல்
கிர்யஸ்ஸெ – கப்பலில்
கிர்யல்லொ – கப்பலிலிருந்து

இரண்டாம் வேற்றுமைக்குப் பழைய ஏட்டு வழக்கில் ஈற்றுயிர் நீளும் (கிர்யா). பின்னாளில் அது மறைந்து எழுவாய் வடிவமே நிற்கும். 'கப்பல் கட்டினான்' என்று நாம் ஐயைத் தொக்கவிடுவதுபோல என்று வைத்துக்கொள்ளுங்கள்.

மெய்யில் முடியும் சொல்லில் உருபு ஒட்டத் தடங்கல் வந்தால் இடையே ஓர் உயிர் வரும், நம் சாரியை மாதிரி. கடலுக்கான 'எஅர்' + ல்லொ = எஅரெல்லொ, கடலிலிருந்து. கதையில் அரசன் முடிசூடும்போது சொல்லும் புகழ்பெற்ற உறுதிமொழியின் தொடக்கத்தில் இது வருகிறது: கடலிலிருந்து நடுநிலத்துக்கு வந்திருக்கிறேன். ஈறு தோதாக இருந்தால் சாரியை வேண்டாம்: எலென் + ன்ன = எலென்ன, 'விண்மீனை நோக்கி'. கதையுலகின் நூமெனோர் தீவுக்கு அதுவே ஒரு பெயர்.

பன்மையில் கவனம். தமிழில் 'கள்' எப்போதும் உருபுக்கு முன்: கப்பல்+கள்+இல். குவென்யாவில் சில உருபுகளுக்கு முன்னும் சிலவற்றுக்குப் பின்னும் பன்மைக்குறி வரும். கிர்யரொன் (கப்பல்களின்), கிர்யைன் (கப்பல்களுக்கு) என்பவற்றில் முன்னே; கிர்யன்னர் (கப்பல்களை நோக்கி), கிர்யஸ்ஸென் (கப்பல்களில்) என்பவற்றில் பின்னே. இதற்குக் குறுக்குவழி இல்லை, அட்டவணையை வாய்ப்பாடமாக்க வேண்டும்.

அடைமொழியோடு வரும் பெயரில் கடைசிச் சொல் மட்டும் உருபு ஏற்கும். 'எலெந்தில் வொரொந்தொ', உறுதிமாறா எலெந்திலின். 'சேரன் செங்குட்டுவனின்' என்று நாம் சொல்வதும் இப்படித்தானே.

'க்கு' எதற்கு இரண்டு வடிவம்?

தமிழ் 'கு' இரண்டு வேலை பார்க்கிறது. 'தம்பிக்குக் கொடு', 'ஊருக்குப் போ'. குவென்யா இவற்றைப் பிரிக்கிறது: பெறுபவருக்கு ன், போய்ச் சேரும் இடத்துக்கு ன்ன. 'க்கு' வந்ததும் ன் போட்டுவிடுவது வழக்கமான தவறு. சோதனை எளிது: 'க்கு'வை எடுத்துவிட்டு 'நோக்கி' போட்டுப் பாருங்கள். 'ஊரை நோக்கிப் போ' பொருள் தருகிறது, ஆகவே ன்ன. 'தம்பியை நோக்கிக் கொடு' தரவில்லை, ஆகவே ன்.

'உடைய' என்பதற்கு ஒ போடுவதா, வ போடுவதா?

ஒ என்பது தோற்றம், மூலம், ஒன்றின் பகுதி. வ என்பது கைவசம் இருப்பது. டோல்கீனே தந்த எடுத்துக்காட்டு வேட்டைத் தெய்வம் ஒரொமெயின் கொம்பு: வ போட்டால் ஒரொமெ தன்னிடம் வைத்திருக்கும் கொம்பு, ஒ போட்டால் ஒரொமெயிடமிருந்து வந்த கொம்பு, இப்போது வேறொருவர் கையில் இருக்கலாம். தமிழில் 'தாத்தாவின் கடிகாரம்' என்றால் இரண்டில் எது என்று தெரியாது. குவென்யாவில் முடிவுசெய்துவிட்டுத்தான் எழுத முடியும்.

ஒ சேரும்போது ஈற்று அகரம் கெடும்: கிர்ய + ஒ = கிர்யொ. ஒகரத்திலேயே முடியும் சொல்லில் வேறுபாடு தெரியவே தெரியாது. இடம்பார்த்துப் புரிந்துகொள்ள வேண்டியதுதான்.

நாம், நாங்கள் வேறுபாடு உண்டா?

உண்டு. ஆங்கில வழிப் பாடங்கள் இதற்கு ஒரு பத்தி செலவழிக்கும். நமக்கு ஒரு வரி போதும். ல்வெ – நாம், ல்மெ – நாங்கள். 'நமது' என்பதற்கு ல்வ, 'எங்கள்' என்பதற்கு ல்ம. மரியாதையும் உண்டு: த்யெ நெருக்கமான 'நீ', ல்யெ மரியாதையான ஒருமை 'நீங்கள்'.

புகழ்பெற்ற வாழ்த்தைப் பிரித்துப் பாருங்கள்: எலென் ஸீல லூமென்ன்' ஒமென்தியெல்வொ.

எலென் – விண்மீன். ஸீல – ஒளிர்கிறது. லூமென்ன் – லூமெ (வேளை) + ன்ன (மேல்). அடுத்த சொல் உயிரில் தொடங்குவதால் கடைசி அகரம் கெட்டது. ஒமென்தியெல்வொ – ஒமென்தியெ (சந்திப்பு) + ல்வ (நமது) + ஒ (இன்). 'நம் சந்திப்பின் வேளைமீது ஒரு விண்மீன் ஒளிர்கிறது.'

1954இல் தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ் முதலில் அச்சானபோது கடைசிச் சொல் 'ஒமென்தியெல்மொ' என்று இருந்தது. 'நாம்' விகுதிகளின் பொருளை டோல்கீன் மாற்றியமைத்தபின் திருத்திய பதிப்பில் ல்வொ ஆனது. பழைய பதிப்பைப் பார்த்து எழுதுபவர், எதிரே நிற்பவரைச் சேர்க்காமல் 'எங்கள் சந்திப்பு' என்று வாழ்த்திக்கொண்டிருக்கிறார்.

வினைச்சொல்லில் எத்தனை காலம்?

ஐந்து வடிவம். 'மத்' (உண்) என்ற அடியில்: மதெ – உண்ணும் (பொது, வழக்கம்), மாத – உண்டுகொண்டிருக்கிறது, மன்தெ – உண்டது, அமாதியெ – உண்டிருக்கிறது, மதுவ – உண்ணும் (எதிர்காலம்).

முதல் வடிவில் விகுதி சேர்ந்தால் எ இகரமாகும்: மதின், உண்பேன் (வழக்கமாக). பன்மை எழுவாய்க்கு மதிர்.

இறந்தகாலத்துக்கு அடியின் கடைசி மெய்யைப் பாருங்கள். ர், ன், ம் என்றால் னெ சேரும்: கர் (செய்) – கர்னெ. ல் என்றால் இரட்டிக்கும்: துல் (வா) – துல்லெ. த், ப், க் என்றால் அதன் முன் மூக்கொலி நுழையும்: மத் – மன்தெ. 'நில்' என்பது 'நின்றான்' ஆவதைப் பார்த்துப் பழகியவருக்கு இது விசித்திரமாகத் தெரியாது. உறவு ஒன்றும் இல்லை, நினைவில் வைக்க வசதி, அவ்வளவுதான்.

முற்றுவடிவம் மூன்று படி: அடியின் உயிரை முன்னே ஒட்டு, உள்ளே உள்ள உயிரை நீட்டு, கடைசியில் இயெ சேர். துல் → உ + தூல் + இயெ = உதூலியெ, வந்திருக்கிறது. நீட்டலை மறப்பதுதான் அதிகம் நடக்கிறது.

ஒரே சொல்லில் வாக்கியம் சொல்ல முடியுமாமே?

முடியும். தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸில் வெள்ளை மரத்தின் கன்றைக் கண்டதும் மன்னன் அரகோர்ன் கத்துவது 'உதூவியென்யெஸ்'. உ (முற்றுக்கான முன்னொட்டு) + தூவ் (கண்டுபிடி, நீண்டது) + இயெ + ன்யெ (நான்) + ஸ் (அதை). 'அதைக் கண்டுபிடித்துவிட்டேன்.' 'வந்தேன்' என்பதில் நான் ஒளிந்திருப்பது போலத்தான். இங்கே செயப்படுபொருளும் கூடவே ஏறிக்கொண்டது. தனியாக எந்தப் பிற்சேர்க்கையும் வராதபோது 'நான்' வெறும் ன். பின்னால் ஸ் வரும்போது ன்யெ.

வினை கடைசியில்தான் வர வேண்டுமா?

வேண்டாம். எழுவாய், வினை, செயப்படுபொருள் என்று வைத்தால் இயல்பாக இருக்கும். பாட்டில் எப்படியும் புரட்டலாம். முன்னிடைச் சொற்களும் உண்டு: நு (கீழே), வெ (போல), மி (உள்ளே) எல்லாம் பெயருக்கு முன்னால் நிற்கும். 'இ' என்பது 'அந்த/குறிப்பிட்ட' என்ற சுட்டு. 'ஒரு' என்பதற்குச் சொல் போட வேண்டியதில்லை.

தேடிய சொல் அகராதியில் இல்லை. நானே உருவாக்கலாமா?

முதலில் தமிழிலேயே வேறு மாதிரி சொல்லிப் பாருங்கள். இருக்கும் சொற்களுக்குள் அடங்கும்படி வாக்கியத்தை மாற்றுவது புதுச்சொல் படைப்பதைவிட எப்போதும் நல்லது. அப்படியும் முடியாவிட்டால் இருக்கும் அடியையும் விகுதியையும் சேர்த்து உருவாக்கலாம். சொந்தச் சொல் என்று குறித்துவிடுங்கள். பரவலாகப் புழங்கும் 'ஹன்தன்யெல்' (நன்றி) கூட இப்படி வந்ததுதான். கதையில் வரும் நன்றியறிதல் விழாவின் பெயரான 'எருஹன்தலெ' டோல்கீனுடையது. அதிலிருந்து வினையைப் பிரித்தெடுத்தவர்கள் கற்பவர்கள்.

ஒரே பொருளுக்கு நாலு சொல் காட்டுகிறது. எது சரி?

நாலும் வெவ்வேறு ஆண்டின் குவென்யாவாக இருக்கலாம். 1915இன் சொற்பட்டியல், 1930களின் வேர்ச்சொல் தொகுப்பு, 1950க்குப் பிந்தைய குறிப்புகள் மூன்றும் ஒரே மொழியின் மூன்று வரைவுகள். 'எல்தமோ' இணைய அகராதி ஒவ்வொரு சொல்லும் எந்தக் காலத்தது என்று குறி போட்டுக் காட்டுகிறது. பிந்தைய சொல் இருந்தால் அதை எடுங்கள். இல்லையென்றால் நடுக்காலத்தது. முதற்காலச் சொல்லை எடுத்தால் அதன் ஒலியமைப்பு பிந்தைய விதிக்குப் பொருந்துகிறதா என்று பார்த்துவிடுங்கள். காலம் போடாத, மூலம் காட்டாத பட்டியல்களை நம்ப வேண்டாம்.

எதிர்மறை எப்படி?

மொழியிலேயே ஆட்டம் காணும் பகுதி இது. 'இல்லாத' என்ற பொருளில் ஊ முன்னொட்டு உறுதியானது: ஊனோதிமெ, 'எண்ணற்ற' (பன்மை வடிவம்). வினையை மறுக்க லா என்ற சொல்லா, ஊவிலிருந்து வந்த வினையா என்பதில் டோல்கீன் இருமுறைக்கு மேல் மனம் மாறினார். ஒரு கட்டுரைக்குள் ஒன்றையே பிடித்துக்கொள்ளுங்கள்.

தெங்வர் எழுதுவது எப்படி?

உயிர்மெய் தெரிந்தவருக்குப் பாதி வேலை முடிந்தது. மெய் எழுதி, அதன் தலையில் உயிர்க்குறி. குவென்யா முறையில் குறி முந்தைய மெய்யின் மேல் அமரும். 'கி' என்பதில் ககரத்துக்குப் பின்தானே இகரம் ஒலிக்கிறது, அதேபோல. ஆங்கிலம், சிந்தாரின் முறையில் இது தலைகீழ்: குறி அடுத்து வரும் மெய்யின் மேல் ஏறும். குவென்யாச் சொல்லை ஆங்கில முறையில் எழுதிவிடுவதுதான் பிழைகளில் பெரியது.

குறிகள்: அ – மூன்று புள்ளி, எ – சாய்கோடு, இ – ஒற்றைப் புள்ளி, ஒ – வலப்பக்கம் திறந்த சுழி, உ – இடப்பக்கம் திறந்த சுழி. மோதிரத்தில் வலச்சுழி உகரத்தைக் குறிக்கிறது, ஏனென்றால் கறுப்பு மொழியில் ஒகரம் அரிது. அதைப் பார்த்துப் பழகியவர் குவென்யாவில் எல்லா உகரத்தையும் ஒகரமாக எழுதுவார்.

சொல் உயிரில் தொடங்கினால் குறியைத் தாங்க ஒரு தண்டு: புள்ளியில்லாக் குட்டைக் கோடு. நெடிலுக்கு நீண்ட கோடு. இரட்டை மெய்க்குக் கீழே ஒரு கிடைக்கோடு. யகரம் கலந்த மெய்க்குக் கீழே இரண்டு புள்ளி.

ந்த, ம்ப, ங்க, ல்த, ர்த ஒவ்வொன்றுக்கும் தனி எழுத்து உண்டு. அந்தொ என்ற எழுத்தே 'ந்த'. அதற்கு முன் இன்னொரு நகரம் போட்டால் தவறு. ரகரம் இரண்டு: உயிருக்கு முன் ரோமென், மெய்க்கு முன்னும் சொல்லிறுதியிலும் ஓரெ.

எழுதிப் பார்ப்போம். 'எல்தர்': குட்டைத் தண்டு, தலையில் சாய்கோடு (எ), ல்த எழுத்து, தலையில் மூன்று புள்ளி (ல்த), இறுதியில் ஓரெ (ர்). மூன்றே உருவம். 'குவென்ய' இன்னும் சிறியது: குவ எழுத்தின் தலையில் சாய்கோடு, நகரத்தின் கீழ் இரட்டைப் புள்ளி, தலையில் முப்புள்ளி. இரண்டே உருவம். நாலைந்து உருவமாக வந்திருந்தால் ரோமன் எழுத்தை ஒவ்வொன்றாக மாற்றியிருக்கிறீர்கள் என்று பொருள்.

அனுப்பிய தெங்வர் கைபேசியில் கட்டம் கட்டமாகத் தெரிகிறதே?

யூனிகோடில் தெங்வருக்கு அதிகாரபூர்வ இடம் இல்லை. எழுத்துருக்கள் தனிப்பயன் பகுதியைப் பயன்படுத்துகின்றன. அதே எழுத்துரு இல்லாத கருவியில் கட்டம்தான் வரும். படமாகச் சேமித்து அனுப்புங்கள்.

என் பெயரைக் குவென்யாவில் எப்படி எழுதுவது?

ஒலிவழி, பொருள்வழி என்று இரண்டு. ஒலிவழியில் 'கவின்' அப்படியே நிற்கும். 'செல்வம்' மகரத்தில் முடிவதால் நிற்காது; 'செல்வன்' ஆக்கினால் நிற்கும். 'கார்த்திக்' ககர ஒற்றில் முடிவதால் உயிர் சேர வேண்டும்; நெடிலும் இரட்டிப்பும் சுருங்கிக் 'கர்திகொ' மாதிரி ஆகும். ஜ, ஷ உள்ள பெயர்கள் ரொம்பவே உருமாறும்.

பொருள்வழி பெரும்பாலும் அழகாக வரும். ந்தில் – நேசிப்பவன். துர் அல்லது ந்துர் – தொண்டன். இயொன் – மகன். இயெல் – மகள். எலெந்தில் 'விண்மீன் நேசன்'. இஸில் என்றால் நிலவு. இஸில்துர் அச்சு அசலாகச் 'சந்திரதாசன்'. அந்தப் பெயருள்ளவர்கள் எதையும் உருவாக்க வேண்டியதில்லை.

பச்சை குத்திக்கொள்ளப் போகிறேன். என்ன பார்க்க வேண்டும்?

சொல்ல நினைப்பதை முதலில் ஒற்றைத் தமிழ் வாக்கியமாக எழுதுங்கள். 'நாம்' யார், 'உடைய' எந்த வகை, 'க்கு' எந்த வகை என்பதை அங்கேயே முடிவுசெய்யுங்கள். ஒவ்வொரு சொல்லின் காலக்குறியையும் பாருங்கள். காதலிக்குச் சொல்வது என்றால் 'மெலின்யெல்' என்று இணையத்தில் கிடைப்பதை அப்படியே எடுக்காதீர்கள். அதன் இறுதி ல் மரியாதைச் சாயல் கொண்டது. 'மெலின் த்யெ' என்றால் நெருக்கமான 'உன்னை' வரும்.

பிறகு 'தெகெந்தில்' (Tecendil) போன்ற இணைய எழுத்துமாற்றியில் மொழி முறை குவென்யா என்று இருக்கிறதா பார்த்து மாற்றுங்கள். வெளிவந்ததை மேலே சொன்ன விதிகளோடு கையால் ஒருமுறை ஒப்பிடுங்கள். குத்துபவரிடம் எழுத்துருவாகக் கொடுக்க வேண்டாம். அவர் கணினியில் அது உருமாறும். படமாகக் கொடுங்கள். அச்சுத்தாளைத் தோலில் ஒட்டியதும் கண்ணாடி பார்க்காமல் நேராகப் படித்துப் பாருங்கள்: தாள் திரும்பி ஒட்டியிருந்தால் ஒ, உ சுழிகள் இடம் வலமாக மாறியிருக்கும். மூன்று புள்ளி ஒன்றோடொன்று ஒட்டாத அளவுக்கு எழுத்து பெரிதாக இருக்கட்டும். மை காலப்போக்கில் பரவும். புள்ளிகள் கலந்தால் அகரம் போய்விடும்.

எந்த வரிசையில் படிப்பது?

உச்சரிப்பும் அழுத்தமும் முதலில். பிறகு பன்மை, ஏழு உருபு, வினையின் ஐந்து வடிவம், அதன்பின் விகுதிகள். இதற்கு இருபது சொல் போதும், ஐந்நூறு வேண்டாம். அடுத்து 'நமாரியெ' பாடலை எடுங்கள். தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸில் உள்ள மிக நீளமான குவென்யாப் பகுதி அதுதான். டோல்கீன் தானே அதை வாசித்துப் பதிவுசெய்திருக்கிறார். 1967இல் வெளிவந்த ஓர் இசைநூலில் சொல்லுக்குச் சொல் விளக்கமும் தந்திருக்கிறார். ஒரு நாளைக்கு ஒரு வரி: ரோமனில் பார்த்து எழுதி, உருபுகளைப் பிரித்து, தெங்வரில் மாற்றி, பதிவோடு சேர்ந்து வாய்விட்டுச் சொல்லுங்கள். உயிர்களுக்கு இடையிலுள்ள தகரம் மெலிகிறதா என்று கைபேசியில் உங்கள் குரலைப் பதிவுசெய்து கேட்டால் உடனே தெரிந்துவிடும்.